விளக்கில்லாத படம்

"வெள்ளி – தம்பி படம் கொண்டு வருவார். சனி 1 மணி – ஸ்டூர்டிங். மேல்வீட்டுக்குத் தடிச்ச சொக்ஸ்."

அம்மாவின் கையெழுத்தில் உள்ள இந்த மூன்று வரிகள், என் பள்ளிக்கூடத்து வாரத்திட்டத் தாளின் பின்புறத்தில் இருக்கின்றன. நான் மட்டும் லில்லெஸ்ட்ரோமுக்கு வீடு மாறியபோது ஒரு பழைய அகராதிக்குள் இருந்து விழுந்தது. முன்பக்கத்தில் "ஏழாம் வகுப்பு, 45ஆம் வாரம்" என்று அச்சிட்டிருக்கிறது. நோர்வேக்காரர் எதையும் வாரக் கணக்கில்தான் சொல்வார்கள். ஆண்டு எழுதும் வழக்கம் பள்ளிக்கூடத்துக்கு இல்லை. ஆனால் நான் ஏழாம் வகுப்பில் இருந்த இலையுதிர்காலம் ஒன்றே ஒன்றுதான். ஆகவே இது 2018 நவம்பர். அந்தச் சனிக்கிழமை பத்தாம் திகதி. ஸ்டூர்டிங் என்பது ஒஸ்லோவில் உள்ள நாடாளுமன்றம். தம்பி என்று அம்மா எழுதியிருப்பது அப்பாவின் தம்பியை, என் சித்தப்பாவை.

தாளில் கத்தரிக்கோலைப் பற்றி எதுவும் இல்லை. அது அம்மாவின் திட்டத்தில் இருந்ததல்ல.

அப்போது நாங்கள் ஹொல்ம்லியாவில் ஒரு தொடர்மாடியில் இருந்தோம். நாங்கள் இரண்டாம் மாடி. அவர்கள் நான்காம் மாடி. "அவர்கள்" என்றால் மெர்யெமும் அவளுடைய அம்மாவும். மெர்யெம் என் வகுப்பு. அவள் பெயரை முதன்முதலில் கேட்டபோது அம்மாவுக்கு ஒரே சந்தோசம். "மாதாவின்ரை பேர்" என்றா. அவர்கள் முஸ்லிம்கள் என்று நான் சொன்னதற்கு, "இருக்கட்டுமே, பேர் மாதாவின்ரை பேர்தானே" என்று முடித்துவிட்டா. நாங்கள் மன்னார்க் கத்தோலிக்கர்.

அவர்கள் உய்குர் மக்கள். சீனாவின் வடமேற்கு மூலையில் கஷ்கர் என்ற நகரத்துக்குப் பக்கத்தில் இருந்து வந்தவர்கள். தேசப்படத்தில் தேடிப் பார்த்தபோது அந்த ஊர் பெய்ஜிங்கை விடக் காஷ்மீருக்குக் கிட்ட இருந்தது. அதை ஒரு பெரிய கண்டுபிடிப்பாக வீட்டில் அறிவித்தேன். யாரும் கவனிக்கவில்லை.

எங்கள் அம்மாவுக்கும் மெர்யெமின் அம்மாவுக்கும் பழக்கம் உண்டானது நிலவறையில் இருந்த பொதுத் துணிதுவைக்கும் அறையில். ஒவ்வொரு வீட்டுக்கும் ஒரு பூட்டு. பலகையில் எந்த நேரத்தில் அந்தப் பூட்டைக் கொழுவுகிறோமோ அந்த நேரம் எங்களுடையது. இருவரும் பக்கத்துப் பக்கத்து நேரங்களில் பூட்டுப் போட்டார்கள். இயந்திரம் சுற்றி முடியும் வரை ஆளுக்கொரு கூடையைக் கவிழ்த்து அதன் மேல் இருந்து, இரண்டு பேருக்கும் சரியாக வராத நோர்வேஜிய மொழியில் கதைத்தார்கள். கொஞ்ச நாளில் கூடையோடு சாப்பாடும் போகத் தொடங்கியது. மேலேயிருந்து கையால் இழுத்துச் செய்த நூடில்ஸ் வந்தது. இங்கிருந்து, ஹலால் கடையில் தேடி வாங்கிய கோழியில் வைத்த கறி போனது.

மெர்யெமின் அப்பா ஒரு ரொட்டிக் கடையில் வேலை செய்தவர். 2017 வசந்தத்தில், நோயாய்க் கிடந்த தன் தாயைப் பார்க்கப் போனார். போய் இறங்கியதும் கடவுச்சீட்டை வாங்கிவைத்துக்கொண்டார்கள். சில கிழமைகள் தொலைபேசியில் கதைத்தார். பிறகு, இனி எடுக்க வேண்டாம் என்று ஒரு செய்தி. அதற்குப் பிறகு அங்கிருந்த சொந்தக்காரர் ஒவ்வொருவராக இவர்களைத் தங்கள் தொலைபேசிகளில் இருந்து அழித்துவிட்டார்கள். கோபத்தில் அல்ல, பயத்தில். வெளிநாட்டில் ஆட்கள் இருப்பதே அங்கே ஒரு குற்றம் போல ஆகியிருந்தது. பல இலட்சம் பேரை முகாம்களில் அடைத்து வைத்திருக்கிறார்கள் என்று இங்கே பத்திரிகைகள் எழுதின. சீன அரசு அவற்றைத் தொழிற்பயிற்சி நிலையங்கள் என்றது.

இதெல்லாம் நான் பிறகு வாசித்தவை. அந்த நேரத்தில் எனக்குத் தெரிந்தது மெர்யெம் சொன்னது மட்டும். கடைசியாகக் கதைத்த மாமி ஒருவர், "அவர் பள்ளிக்கூடத்தில் இருக்கிறார்" என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டாராம்.

"என்ன பாடம்?" என்று கேட்டேன்.

மெர்யெம் யோசித்துவிட்டு, "மொழியாக இருக்கும்" என்றாள்.

"வீட்டுப்பாடமும் கொடுப்பார்களா?"

அந்த வயதில் ஒரு மனிதர் வீட்டுப்பாடம் செய்ய வேண்டியிருப்பதை நினைத்து நாங்கள் இருவரும் உண்மையாகவே பரிதாபப்பட்டோம். அதாவது, நான் பரிதாபப்பட்டேன்.

மெர்யெமின் அம்மா ஒன்றரை வருடம் வாய் திறக்கவில்லை. திறந்தால் அங்கே அவருக்கு என்ன நடக்குமோ என்ற பயம். திறக்காமல் இருந்தால் அவர் இருந்தார் என்பதே இல்லாமல் போய்விடுமோ என்ற பயம் எப்போது அதை விடப் பெரிதானது என்று எனக்குத் தெரியாது. அந்த நவம்பரில், தங்கள் ஆட்கள் சிலர் காணாமற்போனவர்களின் படங்களோடு நாடாளுமன்றத்துக்கு முன்னால் நிற்கப் போகிறார்கள் என்று கேள்விப்பட்டு, தானும் போவதென்று முடிவெடுத்தா. உடனே கீழே இறங்கி எங்கள் வீட்டுக்கு வந்தா. அது இயல்பானதுதான். எங்கள் தொடர்மாடியில் யாருக்காவது தண்ணீர்க் குழாய் உடைந்தால் மூன்றாம் மாடிப் போலந்துக்காரர். ஸ்டூர்டிங்குக்கு முன்னால் நிற்க வேண்டுமென்றால் தமிழர்.

அப்பாவுக்கு முகம் மலர்ந்துவிட்டது. சித்தப்பாவையும் கூப்பிட்டார். சித்தப்பா அப்பாவின் தம்பி. பகலில் பஸ் ஓட்டுவார். இருவரும் சேர்ந்து பாடம் எடுத்தார்கள்.

"பொலிசுக்கு முன்கூட்டி அறிவிக்க வேணும். அதை ஒழுங்கு செய்யிற ஆக்கள் செய்திருப்பினம், நீங்கள் கேட்டுப் பாருங்கோ," என்றார் அப்பா, நோர்வேஜியத்தில் தொடங்கித் தமிழில் முடித்து.

"தடி வேண்டாம், கடதாசிக் குழாய்தான் நல்லது. கை விறைக்காது," என்றார் சித்தப்பா.

"காத்து ரெயில் ஸ்ரேசன் பக்கத்தாலைதான் வரும். வாசல்லை இருக்கிற கல்லுச் சிங்கத்துக்குப் பின்னாலை நிண்டால் அடிக்காது," என்றார் அப்பா.

"சிங்கத்துக்குப் பின்னாலை நிண்டால் ஆருக்கு அண்ணை படம் தெரியும்? முன்னாலை நிக்க வேணும்."

"நீ 2009இலை முன்னாலை நிண்டு காய்ச்சலிலை கிடந்தனி, மறந்து போனியோ?"

அம்மா குசினிக்குள் இருந்து, "முதல்லை அந்த மனுசிக்கு ஒரு தேத்தண்ணி குடுங்கோ. பிறகு போராட்டம் நடத்தலாம்" என்றா.

மெர்யெமின் அம்மா தொலைபேசியில் ஒரு படத்தைக் காட்டினா. ஹொல்ம்லியாவுக்குக் கீழே உள்ள கடற்கரையில் எடுத்தது. வெள்ளைச் சட்டை போட்ட மனிதர், பச்சை வரி போட்ட ஒரு பெரிய வத்தகப்பழத்தைக் கைக்குழந்தை போலத் தூக்கி வைத்துக்கொண்டு சிரிக்கிறார். "நான் அடிச்சுத் தாறன்" என்று சித்தப்பா அந்த இடத்திலேயே பொறுப்பெடுத்துக்கொண்டார்.

சித்தப்பாவின் அச்சகத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும். தன் வீட்டு நிலவறைக் களஞ்சிய அறையில், பனிச்சறுக்குக் கட்டைகளுக்கும் பழைய மெத்தைக்கும் நடுவில், ஒரு கணினியும் ஒரு பெரிய பிரிண்டரும் லமினேற் செய்யும் இயந்திரமும் வைத்திருந்தார். ஒஸ்லோவின் கிழக்குப் பக்கத்துத் தமிழருக்கு அதுதான் அச்சகம். எங்கள் சனத்துக்கு ஒருவருடைய முகத்தைப் பெரிதாக்க இரண்டே காரணங்கள்தான் இருந்தன. ஒன்று பெண்பிள்ளை பெரியவளாகும் சாமத்திய வீடு; அதற்குப் பின்னணியில் மயில். மற்றது மரணம், அதற்கு விளக்கு. என்னுடைய மயிலை அவர் ஏற்கெனவே தெரிவு செய்து வைத்திருந்தார் என்பது என் அந்த வருடத்துக் கவலைகளில் ஒன்று. நவம்பர் மாதத்தில் விளக்குத்தான் ஓயாமல் ஓடும். கத்தோலிக்கருக்கு அது இறந்த ஆன்மாக்களின் மாதம், நினைவு நாட்களும் அந்த மாதத்தில்தான் குவியும்.

வெள்ளிக்கிழமை பின்னேரம் சித்தப்பா படத்தைத் துணியில் சுற்றிக்கொண்டு வந்தார். மெர்யெமும் தாயும் கீழே வந்திருந்தார்கள். அம்மா முதியோர் இல்லத்து வேலையால் இன்னும் வரவில்லை. துணியை விலக்கினார்.

இளநீல வானம், முகில்கள். நடுவில் பொன்நிற நீள்வட்டம். அதற்குள் மெர்யெமின் அப்பா. வத்தகப்பழம் இல்லை, அது மரியாதையாக இல்லை என்று சித்தப்பா அழித்துவிட்டார். இரு பக்கமும் இரண்டு குத்துவிளக்குகள் சுடர்விட்டுக்கொண்டிருந்தன. கீழே, அவருடைய நெஞ்சுக்குக் குறுக்காக, சிவப்பு ரோசாக்கள். அதன் கீழே பெரிய நோர்வேஜிய எழுத்தில்: இவர் எங்கே?

கேள்விக்கு முகில்களே பதில் சொல்லிவிட்டிருந்தன. எங்களில் யாருக்கும் அது கேட்கவில்லை. "நல்ல கலர்" என்றார் அப்பா. அந்த வானத்தை அவர் எத்தனையோ மண்டபங்களில், எத்தனையோ முகங்களுக்குப் பின்னால் பார்த்துவிட்டார். அது அவர் கண்ணிலேயே படவில்லை. எனக்கு அதை விட அழகான ஒன்றைச் சித்தப்பா செய்ததில்லை என்று தோன்றியது. மெர்யெமின் அம்மா ரோசாக்களை விரலால் தடவினா. அழுதா. மிகவும் அழகாய் இருக்கிறது, நாளைக்குப் பிறகு இதை வீட்டுச் சுவரில் மாட்டப்போகிறேன் என்று நோர்வேஜியத்தில் சொல்லிச் சித்தப்பாவின் இரு கைகளையும் பிடித்துக்கொண்டா.

அப்போது அம்மா வந்தா. மேற்சட்டையைக் கழற்றவில்லை. வாசலில் நின்றபடி படத்தைப் பார்த்தா.

"ஆர் செத்தது?"

"அண்ணி, உது மேல்வீட்டு…"

"எனக்குக் கண் தெரியும், தம்பி. ஆர் செத்தது எண்டு கேக்கிறன்."

சித்தப்பா படத்தைத் திரும்பிப் பார்த்தார். அப்போதுதான் முதன்முறையாகப் பார்ப்பவர் போல.

"உமக்கு விசரே? மனுசனை உயிரோடை எங்கை வைச்சிருக்கிறியள் எண்டு கேக்கப் போற மனுசிக்குக் கண்ணீர் அஞ்சலி அடிச்சுக் குடுத்திருக்கிறீர்."

"வெறும் டிசைன்தானே, அண்ணி…"

"டிசைனோ? உம்மடை படத்துக்கும் உப்பிடி இரண்டு பக்கமும் விளக்கு வைச்சுத் தாறன். கொண்டுபோய் உம்மடை பஸ்ஸிலை கொழுவிக்கொண்டு ஓடும்."

"புதுசா அடிக்க மை இல்லை. இந்த மாதத்து ஓடர்களோடை முடிஞ்சுது. திங்கள்தான் வரும்."

அப்பா இடையில் வந்தார். "விடுமன். நோர்வேக்காரருக்கு உந்த விளக்கு விளங்கப் போகுதே? அவை பூவெண்டு பார்ப்பினம்."

"அவைக்கு விளங்காது," என்றா அம்மா. "எனக்கு விளங்கும்."

அலுமாரி இழுப்பறையைத் திறந்து, துணி வெட்டும் பெரிய கத்தரிக்கோலை எடுத்து, இடப்பக்க விளக்கை மேலிருந்து வெட்டத் தொடங்கினா. லமினேற் செய்த மட்டை, இலேசில் வெட்டுப்படாது. மெர்யெமின் அம்மா பதறி எழும்பினா. ஏன், ஏன் படத்தை வெட்டுகிறீர்கள் என்று கேட்டா. அம்மாவுக்கு நோர்வேஜியம் முழுவதும் அந்த நேரம் மறந்து போய்விட்டது. என்னைப் பார்த்து, "பிள்ளை, சொல்லு அவவுக்கு" என்றா.

எனக்கோ சித்தப்பாவின் வேலை பாழாகிறதே என்ற ஆத்திரம். பள்ளிக்கூடத்தில் கேள்விக்கு விடை சொல்வது போலச் சொன்னேன்: "அந்த விளக்கு இறந்தவர்களுக்கு வைப்பது என்று அம்மா சொல்கிறா."

சித்தப்பா தன் சப்பாத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார். வெட்டிய விளக்கு மேசையில் சுருண்டு கிடந்தது. மெர்யெமின் அம்மா கையை நீட்டினா. அம்மாவை அடிக்கப் போகிறா என்றுதான் நினைத்தேன். கத்தரிக்கோலை வாங்கி, படத்தைத் திருப்பி, வலப்பக்க விளக்கைத் தானே வெட்டினா. அம்மா மட்டையைப் பிடித்துக்கொண்டா. தோளுக்குக் கிட்ட வந்ததும் இருவரும் மூச்சை அடக்கிக்கொண்டு மெதுவாக வளைத்தார்கள்.

ரோசாக்களை வெட்டினால் நெஞ்சும் போய்விடும். அதனால் அதன் மேல் வெள்ளைத் தாள் ஒட்டி, மெர்யெமைக் கொண்டு அவளுடைய அப்பாவின் பெயரை எழுதுவித்தார்கள். வெட்டிய ஓரங்களால் தண்ணீர் போகாமல் இருக்கச் சித்தப்பா சுற்றிவரப் பிசுபிசுப்பு நாடா ஒட்டினார். முடிந்தபோது அது கோணலான, அழகில்லாத ஒரு பலகை. வெட்டுண்டு கிடந்த இரண்டு விளக்குகளையும் நான் எடுத்துப் போய் என் கண்ணாடியில் ஒட்டினேன். அவ்வளவு அழகானவை. காலையில் எழும்பியபோது கண்ணாடி வெறுமையாக இருந்தது. அம்மா இரவே கழற்றியிருந்தா.

சனிக்கிழமை மழையும் பனியும் கலந்து கொட்டியது. சிங்கத்துக்கு முன்னாலா பின்னாலா என்ற வழக்கு அங்கும் நடந்து, பக்கத்தில் நிற்பதென்று சமாதானமானது. உய்குர் ஆட்கள் கொஞ்சப் பேர். அப்பா சொல்லி வந்த தமிழர் கொஞ்சப் பேர். நாடா ஒட்டிய ஓரத்தால் தண்ணீர் உள்ளே போய், மெர்யெமின் அப்பாவுடைய ஒரு காது ஊதத் தொடங்கியது. அம்மா தன் சால்வைத் தலைப்பால் அதை விடாமல் ஒற்றிக்கொண்டு நின்றா. ஒரு நோர்வேஜியப் பெண்மணி நின்று, இவர் யார் என்று மெர்யெமைக் கேட்டா.

"என் அப்பா," என்றாள் மெர்யெம். "அவர் ரொட்டி சுடுவார்."

உதவி செய்யும் எண்ணத்தில், "இப்போது பள்ளிக்கூடத்தில் இருக்கிறார்" என்று சொல்ல நான் வாயெடுத்தேன். மெர்யெம் என் காலை மிதித்தாள்.

திரும்பி வரும்போது, ரெயிலில், தாய்மார் இருவரும் எதிர் இருக்கையில் ஒருவர் தோளில் ஒருவர் சாய்ந்து நித்திரையாய் இருந்தார்கள். மெர்யெம் குரலைத் தாழ்த்திச் சொன்னாள்: "அது பள்ளிக்கூடம் இல்லை. எனக்குப் போன வருடமே தெரியும். எனக்குத் தெரியும் என்று அம்மாவுக்குத் தெரியக்கூடாது."

பல வருடங்களுக்குப் பிறகு அவளுடைய அம்மா எங்கள் அம்மாவிடம் சொன்னா: மகளுக்காகத்தான் அந்தப் பள்ளிக்கூடக் கதையை விடாமல் வைத்திருந்தேன் என்று. ஒரே வீட்டுக்குள் இரண்டு பேர், ஒருவருக்காக ஒருவர், ஒரே பொய்யைக் காவல் காத்திருக்கிறார்கள்.

இங்கே மாமாவைப் பற்றி எழுத வேண்டும். மாமா அம்மாவின் ஒரே தம்பி. 2009 மே மாதத்தில் முல்லைத்தீவுப் பக்கம் இராணுவத்திடம் சரணடைந்தவர்களோடு பஸ்ஸில் ஏறியதைக் கண்டதாக ஒருவர் சொன்னார். அதன் பிறகு தகவல் இல்லை. எங்கள் வீட்டுச் சுவரில், இறந்துபோன அப்பப்பாவும் பெரியப்பாவும் படங்களாக இருந்தார்கள். முன்னால் சிறிய சிவப்பு மின்விளக்கு எரிந்தது. மாமா இல்லை. ஏன் என்று ஒருமுறை கேட்டதற்கு, "இடமில்லை" என்றா அம்மா. சுவரில் ஒரு சைக்கிள் மாட்டும் அளவுக்கு இடம் இருந்தது. கோவிலில் நவம்பரில் இறந்தவர்களின் பெயர்களை வாசிப்பார்கள். அம்மா அவருடைய பெயரை ஒருநாளும் கொடுத்ததில்லை. மாமா வீட்டில் சொல்லாமல் இயக்கத்துக்குப் போனவர் என்று ஒரு கதை இருந்தது. அந்தக் கோபம் அம்மாவுக்கு இன்னும் தீரவில்லை என்று நான் முடிவுகட்டியிருந்தேன்.

அடுத்த வசந்தத்தில் மறுபடி நிற்கப் போனார்கள். இந்த முறை சித்தப்பா, மயிலுக்கும் விளக்குக்கும் அடுத்து, மூன்றாவது ஒரு வடிவமைப்புச் செய்திருந்தார். வெறும் வெள்ளை. வட்டம் இல்லை, வானம் இல்லை, பூ இல்லை. முகம், பெயர், பிறந்த ஆண்டு, கேள்வி. அவருடைய கணினியில் அதற்குப் பெயர் "மூண்டு". மெர்யெமின் அம்மா அதைப் பார்த்துவிட்டு, தயங்கித் தயங்கி ஒன்று கேட்டா: அந்த வத்தகப்பழத்தைத் திரும்ப வைக்க முடியுமா? சித்தப்பா வைத்தார். போராட்டப் படங்களில் அப்படிச் சிரிக்கிற ஒருவரை நான் அதற்கு முன் கண்டதில்லை.

அன்று அம்மா தன் பணப்பையில், பயண அட்டைக்குப் பின்னால் இருந்து, ஒரு கடவுச்சீட்டு அளவுப் படத்தை எடுத்தா.

"தம்பி, உந்த மூண்டாவதிலை இவனையும் ஒண்டு."

சித்தப்பா அதை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டார்.

பத்து வருடமாக ஊர்வலங்களில் பதாகையின் ஒரு மூலையைப் பிடித்துக்கொண்டு மட்டும் நின்ற அம்மா, அந்த வசந்தத்தில்தான் தன் தம்பியின் படத்தோடு நின்றா. பக்கத்தில் மெர்யெமின் அம்மா, வத்தகப்பழத்தோடு. அப்பாடா, அம்மாவும் மாமாவும் ஒருவழியாகச் சமாதானமாகிவிட்டார்கள் என்று நினைத்து எனக்குப் பெரிய ஆறுதல்.

சித்தப்பாவின் "மூண்டு" இப்போது ஒஸ்லோவில் யார் யாருக்கோ போகிறது. மொழி மாறும், முகம் மாறும், வெள்ளை மாறாது. அவர் அதற்கு ஒரு முறையும் காசு வாங்கியதில்லை. வாங்க வேண்டாம் என்று அவருக்கு யாரும் சொன்னதும் இல்லை. மாமாவின் பிறந்தநாளுக்கு இன்றைக்கும் நான்காம் மாடியில் இருந்து சூடான ரொட்டி கீழே அம்மா வீட்டுக்கு இறங்கி வரும். அன்று கத்தரிக்கோலை வாங்கிய கைக்கு எங்கள் வீடு பட்டிருக்கும் கடனை நான் வேறெங்கும் எழுதிவைக்கவில்லை. ஆகவே இங்கே எழுதுகிறேன்.

மாமாவைப் பற்றி 2009க்குப் பிறகு பதிவுசெய்ய எதுவும் இல்லை. மெர்யெமின் அப்பாவைப் பற்றி ஒன்று இருக்கிறது. இஸ்தான்புல்லில் வாழும் ஒருவர், முன்பு சீனாவில் ஒரு சிறையில் இருந்து வெளியே வந்த இன்னொருவர் சொன்னதாக, மெர்யெமின் அம்மாவிடம் தொலைபேசியில் சொன்னார்: அந்தச் சிறையின் சமையலறையில் ரொட்டி சுடும் ஒரு மனிதர் இருந்தாராம், தனக்கு நோர்வேயில் ஒரு மகள் இருப்பதாகச் சொன்னாராம். அந்த மனிதரின் பெயர் சொன்னவருக்குத் தெரியவில்லை. எந்த ஆண்டு என்றும் தெரியவில்லை. அது அவர்தானா என்பது, இதை எழுதும் வரை, உறுதிப்படுத்தப்படவில்லை.